வழக்கை மீட்டுக்கொண்டு நடுவர் மன்றத்துக்குப் போவதா, நீதிமன்றத்திலேயே நிற்பதா?

செந்தூலில் சமையலறை அலமாரி வேலைக்கு 38,000 ரிங்கிட் கொடுத்துப் பாதி வேலையோடு விடப்பட்ட குடும்பம். பட்டர்வொர்த்தில் காரணம் சொல்லாமல் நிறுத்தப்பட்ட கிடங்கு மேற்பார்வையாளர். ஆயர் ஈத்தாமில் மேல்வீட்டுத் தண்ணீர் கூரையில் இறங்குவதைப் பார்த்துக்கொண்டிருக்கும் அடுக்குமாடிவாசி. இவர்களைப் போன்ற பலர் முதல் கோபத்தில் வழக்கறிஞரைப் பார்த்து வழக்குப் போட்டுவிடுகிறார்கள். எட்டு மாதம் கழித்துச் சொந்தக்காரர் ஒருவர் கேட்கிறார்: "அஞ்சு வெள்ளி கட்டுனா டிரிபியூனல்ல முடிஞ்சிருக்குமே, எதுக்கு இவ்வளவு செலவு?" அன்றிலிருந்து தூக்கம் போகிறது. வழக்கை மீட்டுக்கொண்டு (வாபஸ் வாங்கி) டிரிபியூனல் என்கிற நடுவர் மன்றத்துக்குப் போகலாமா, இல்லை இருக்கிற இடத்திலேயே இருப்பதா?

பலர் இதற்குச் செலவை மட்டும் வைத்து விடை தேடுகிறார்கள். செலவைக் கடைசியில் பார்க்கலாம். போகப்போகிற கதவு இன்னும் திறந்திருக்கிறதா, அது திறக்கக் கையிலுள்ள வழக்கை விட்டே ஆகவேண்டுமா என்பதை முதலில் பார்க்க வேண்டும். சில மன்றங்கள் வழக்கை விட்டால்தான் உள்ளே விடும். சில மன்றங்களுக்கு வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே போகலாம். இன்னும் சில, நீங்கள் நீதிமன்றத்தில் நின்றுகொண்டிருந்த காலத்திலேயே சாத்தப்பட்டிருக்கும். இந்த மூன்றில் உங்களுடையது எது என்று தெரியாமல் வழக்கை மீட்டால், இரண்டு இடத்திலும் இல்லாமல் நடுத்தெருவில் நிற்க நேரிடும்.

இங்கே சொல்வதெல்லாம் தீபகற்ப மலேசியாவுக்கு. சபா, சரவாக்கில் காலவரம்புச் சட்டமும் தொழிலாளர் சட்டமும் வேறு.

## எடைபோட வேண்டியவை

காலக்கெடு. ஒப்பந்தமோ அலட்சியமோ, நீதிமன்றத்துக்கு 1953ஆம் ஆண்டு காலவரம்புச் சட்டம் பொதுவாக 6 ஆண்டு தருகிறது. எதிராளி அரசாங்கமோ அரசாங்க அமைப்போ என்றால் 36 மாதம்தான். மற்ற மன்றங்களின் கெடு இதைவிடக் குறுகியது. வழக்கை மீட்டுக்கொண்டால், நீதிமன்றத்தில் போன நாள்களைக் கழித்துவிட்டு எண்ணுவார்கள் என்று நம்பாதீர்கள். வழக்கே போடாதது போல, பிரச்சினை எழுந்த நாளிலிருந்தே எண்ணுவார்கள்.

வரம்பு. தொகைக்கும் வரம்பு உண்டு, விஷயத்துக்கும் உண்டு.

நிவாரணம். உங்களுக்கு வேண்டியது பணமா, பழுதுபார்ப்பா, வேலையா? எல்லா மன்றமும் எல்லாவற்றையும் கொடுக்காது.

தீர்ப்பின் பல். ஜெயித்த பிறகு எதிராளி கொடுக்காவிட்டால் என்ன செய்ய முடியும்?

விட்டால் என்ன போகும். இடைக்காலத் தடையுத்தரவு, எதிராளியின் செலவு, அவர் போட்ட எதிர்க்கோரிக்கை. இவற்றைக் கீழே தனியாகப் பார்ப்போம்.

## மீட்டுக்கொள்வது என்றால் என்ன நடக்கிறது

2012ஆம் ஆண்டு நீதிமன்ற விதிகளின் 21ஆம் கட்டளை இதற்கென்றே இருக்கிறது. மூன்று வழி உண்டு.

எதிராளியின் எதிர்வாதம் உங்களிடம் சேர்ந்த 14 நாளுக்குள் என்றால் நீதிமன்ற அனுமதி தேவையில்லை. ஓர் அறிவிப்பைத் தாக்கல் செய்து எதிராளிக்கும் கொடுத்தால் போதும். அந்த 14 நாள் கடந்துவிட்டாலும், விசாரணை தொடங்கும் முன் எல்லாத் தரப்பும் எழுத்தில் கையெழுத்திட்டு ஒப்புக்கொண்டால் அனுமதியின்றியே மீட்கலாம். இரண்டும் இல்லையென்றால் நீதிமன்ற அனுமதி கேட்க வேண்டும். அங்கேதான் கவனம் தேவை. அனுமதி தரும்போது நீதிமன்றம் நிபந்தனை விதிக்கலாம்: செலவு கட்டு என்று சொல்லலாம், மறுபடி வழக்குப் போடக்கூடாது என்றும் சொல்லலாம்.

வழக்கை மீட்டுக்கொண்டது, அதே விஷயத்தில் பின்னால் வரும் வழக்குக்குத் தடையாகாது என்பதுதான் பொது விதி. ஆனால் அனுமதி உத்தரவில் வேறு நிபந்தனை இருந்தால் அந்த நிபந்தனையே நிற்கும். ஆகவே உத்தரவில் வரும் நான்கைந்து மலாய்ச் சொற்கள் உங்கள் மொத்த வழக்கைவிடக் கனமானவை. "டெங்ஙான் கெபெபாசான் உந்தோக் மெம்ஃபைல்கான் செமுலா" என்றிருந்தால் மறுபடி தாக்கல் செய்யும் உரிமை உங்களிடம் இருக்கிறது. "தன்பா கெபெபாசான்" என்றிருந்தால் அந்த உரிமை போய்விட்டது. எதிராளியின் வழக்கறிஞர் அந்தத் தாளை நடுவர் மன்றத்திலும் நீட்டி, விஷயம் முடிந்துவிட்டது என்று வாதிடுவார்.

இது எப்படி நழுவிப்போகிறது தெரியுமா? வழக்கு மேலாண்மை (கேஸ் மேனேஜ்மெண்ட்) நாளில் இரு தரப்பு வழக்கறிஞர்களும் பேசுகிறார்கள். "செலவு கேட்கவில்லை, ஆனால் மறுபடி போடக்கூடாது" என்கிறார் எதிராளி. கட்சிக்காரர் அங்கே இல்லை. செலவு இல்லை என்பது மட்டும் அவர் காதுக்குப் போகிறது, சரி என்கிறார். அந்த ஒரு "சரி"யில் பெரிய உரிமை கைமாறிவிடுகிறது. ஆகவே எழுத்தில் உங்கள் வழக்கறிஞருக்குச் சொல்லுங்கள்: மறுதாக்கல் உரிமையோடு மட்டுமே மீட்க வேண்டும், எந்த மன்றத்துக்குப் போகிறோம் என்பதையும் உத்தரவில் பதிவு செய்யக் கேட்க வேண்டும். வாட்ஸ்அப் செய்தியே போதும், ஆனால் எழுத்தில் இருக்கட்டும்.

கீழ்நீதிமன்றத்தில் தவறான படியில் வழக்குப் போட்டுவிட்டீர்கள் என்பதற்காக மட்டும் மீட்கத் தேவையில்லை. மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தின் வரம்பு 100,000 ரிங்கிட், செஷன்ஸ் நீதிமன்றத்தின் பொது வரம்பு 1,000,000 ரிங்கிட். படி மாறிப்போனால் வழக்கை மாற்றிவிடக் கேட்கலாம். 57ஆம் கட்டளை அதற்கு வழி வைத்திருக்கிறது. மாற்றினால் தாக்கல் தேதி பிழைக்கும், மீட்டால் பிழைக்காது.

## வழி 1: வழக்கை வைத்துக்கொண்டே சமரசம் பேசுவது

"கோர்ட்டுல இருந்து வெளிய வந்தாத்தான் பேச முடியும்" என்று நினைத்து மீட்பவர்கள் உண்டு. இது தவறான நம்பிக்கை. வழக்கு உயிரோடு இருக்கும்போதே நீதிமன்றத்துடன் இணைந்த மத்தியஸ்தத்துக்குப் போகலாம். கோலாலம்பூரில் 2011 முதல் நீதிமன்ற மத்தியஸ்த மையம் இயங்குகிறது. நீதிபதிகளே மத்தியஸ்தர்களாக உட்காருகிறார்கள், அதற்குத் தனிக் கட்டணம் கிடையாது. ஜாலான் டூத்தாவிலோ லைட் ஸ்திரீட்டிலோ உங்கள் வழக்கு எங்கிருந்தாலும், வழக்கு மேலாண்மை நாளில் மத்தியஸ்தம் வேண்டும் என்று கேட்கலாம்.

அங்கே ஒத்துப்போனால் அதை ஒப்புதல் தீர்ப்பாகப் பதிவு செய்யலாம். எதிராளி தவணை கட்டாமல் போனால் நேரே செயல்படுத்தும் நடவடிக்கைக்குப் போகலாம். வெளியே காப்பிக் கடையில் எழுதிக்கொண்ட ஒப்பந்தத்துக்கு அந்த வலு கிடையாது. அதை மீறினால் மறுபடி வழக்குத்தான். பேச்சு முறிந்தால் வழக்கு விட்ட இடத்திலிருந்து தொடரும், பேசியது எதுவும் சாட்சியாகாது.

எதிராளி பணம் உள்ளவர், பேசவும் தயார், ஆனால் தொகையில் இழுபறி என்றால் இதைவிட நல்ல வழி இல்லை. காலத்தைக் கடத்துவதற்கென்றே மத்தியஸ்தம் கேட்பவரிடம் மட்டும் எச்சரிக்கை தேவை. அடுத்த வழக்கு மேலாண்மை தேதியைக் கையில் வாங்கிக்கொண்டே பேச உட்காருங்கள்.

## வழி 2: பயனீட்டாளர் நடுவர் மன்றம்

அதிகம் பேர் மாற நினைப்பது இங்கேதான். 1999ஆம் ஆண்டு பயனீட்டாளர் பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் இயங்கும் மன்றம். 2019ஆம் ஆண்டுத் திருத்தத்தில் வரம்பு 25,000 ரிங்கிட்டிலிருந்து 50,000 ரிங்கிட்டாக உயர்ந்தது. தாக்கல் கட்டணம் 5 ரிங்கிட். வழக்கறிஞர் இரு தரப்புக்குமே கிடையாது. முதல் விசாரணை நாளிலிருந்து 60 நாளுக்குள் தீர்ப்பு தர முயல வேண்டும் என்பது சட்டம். செந்தூல் குடும்பத்தின் 38,000 ரிங்கிட் இதற்குள் அடங்கும்.

ஆனால் நீதிமன்ற வழக்கை விடாமல் இங்கே நுழைய முடியாது. சட்டத்தின் 104ஆம் பிரிவு இதைத் தெளிவாகச் சொல்கிறது: நீதிமன்ற வழக்கு முதலில் தொடங்கியிருந்தால், அதே தரப்பினருக்கிடையே அதே விஷயத்தை நடுவர் மன்றம் தொடக்கூடாது. அந்த வழக்கு மீட்கப்பட்டாலோ, கைவிடப்பட்டாலோ, தள்ளப்பட்டாலோதான் மன்றத்துக்கு வாசல் திறக்கும். இரண்டு இடத்திலும் ஒரே நேரத்தில் ஓட்ட முயன்றால், எதிராளி முதல் நாளே இந்த ஆட்சேபத்தை எழுப்புவார்.

அடுத்து, பிரச்சினை எழுந்ததிலிருந்து 3 ஆண்டு என்ற கெடு. இதில்தான் அதிகம் பேர் விழுகிறார்கள். குத்தகைக்காரர் 2022 மார்ச்சில் வேலையை விட்டுப் போனார் என்று வைத்துக்கொள்வோம். 2024 ஜனவரியில் மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் வழக்கு. 2025 மே மாதம் அலுத்துப்போய் மீட்டுக்கொள்கிறார்கள். நடுவர் மன்றத்தின் 3 ஆண்டு 2025 மார்ச்சிலேயே முடிந்துவிட்டது. நீதிமன்றத்தின் 6 ஆண்டு 2028 மார்ச் வரை இருப்பதால் மறுதாக்கல் உரிமையோடு மீட்டிருந்தால் திரும்பிப் போகலாம். ஆனால் புதிய கட்டணம், புதிய எண், வரிசையின் கடைசி இடம். இரண்டு மாதம் முன்னால் முடிவெடுத்திருந்தால் 5 ரிங்கிட்டில் முடிந்திருக்க வாய்ப்பு இருந்தது.

விஷய வரம்பையும் பாருங்கள். கோரிக்கை பயனீட்டாளரிடமிருந்து மட்டுமே வர முடியும்; நீங்கள் கடைக்காரராகவோ விநியோகிப்பாளராகவோ வழக்குப் போட்டிருந்தால் இங்கே இடமில்லை. சட்டப்படி ஒழுங்குபடுத்தப்படும் நிபுணர்களின் சேவையும் மருத்துவச் சேவையும் இந்தச் சட்டத்துக்கு வெளியே. நிலத்தின் உரிமை பற்றிய தகராறும் வெளியே. 50,000 ரிங்கிட்டுக்கு மேல் போனால் மிச்சத்தை விட்டுக்கொடுத்து உள்ளே வரலாம், ஆனால் விட்டது விட்டதுதான். ஒரே கோரிக்கையை இரண்டாக வெட்டி இரண்டு போராங் (படிவம்) போடுவதைச் சட்டம் அனுமதிக்காது.

தீர்ப்பின் பல் இங்கே கூர்மையானது. 14 நாளுக்குள் கீழ்ப்படியாவிட்டால் அது குற்றம். 10,000 ரிங்கிட் வரை அபராதம், 2 ஆண்டு வரை சிறை, அல்லது இரண்டும். நிறுவனத்துக்குப் பெயர் இருந்தால் இந்த மிரட்டல் வேலை செய்கிறது. ஆனால் அபராதம் அரசாங்கத்துக்குப் போகும், உங்கள் பைக்கு வராது. பணம் வேண்டுமென்றால் தீர்ப்பை மாஜிஸ்திரேட் நீதிமன்ற உத்தரவாக எடுத்துப்போய்ச் சொத்துப் பறிமுதல் வரை நீங்கள்தான் நடக்க வேண்டும். ஆள் தலைமறைவு, கணக்கில் காசில்லை என்றால் எந்த மன்றத்துக்குப் போனாலும் இதே கதைதான். மீட்பதற்கு அது காரணமாகாது.

இங்கே வழக்குகள் தடுமாறும் இன்னோர் இடம் எதிராளியின் பெயர். விளம்பரப் பலகையில் இருக்கும் பெயரைப் போட்டுத் தாக்கல் செய்கிறார்கள். ரசீதில் இருக்கும் பதிவு நிறுவனம் வேறாக இருக்கிறது. நிறுவனங்களைப் பதிவு செய்யும் எஸ்எஸ்எம்மில் சில ரிங்கிட் கட்டி நிறுவன விவரத்தை எடுத்து, பதிவுப் பெயரையும் எண்ணையும் முகவரியையும் அப்படியே எழுதுங்கள். இந்த வேலை உங்கள் நீதிமன்ற வழக்கில் ஏற்கெனவே முடிந்திருக்கும், அந்தத் தாளையே பயன்படுத்தலாம்.

ஆவணம் தெளிவு, தொகை வரம்புக்குள், 3 ஆண்டுக்குக் குறைந்தது சில மாதமாவது மிச்சம், எதிராளி இன்னும் கடை நடத்துகிறார் என்றால் மாறுவது நல்லது. நிபுணர் சாட்சியம் தேவைப்படும் சிக்கலான விஷயம் என்றாலோ, நீதிமன்ற வழக்கில் ஏற்கெனவே விசாரணைத் தேதி கொடுத்தாகிவிட்டது என்றாலோ இருந்த இடத்திலேயே இருங்கள்.

## வழி 3: வீடும் அடுக்குமாடியும்

மேம்பாட்டாளரிடம் வாங்கிய வீட்டில் குறை, அல்லது சாவி தாமதம் என்றால் வீடு வாங்குவோர் நடுவர் மன்றம். வரம்பு 50,000 ரிங்கிட். கெடு 12 மாதம்: வீட்டுக்கோ பொது வசதிகளுக்கோ தகுதிச் சான்றிதழ் கிடைத்த நாளிலிருந்து, அல்லது குறைபாட்டுப் பொறுப்புக் காலம் (மேம்பாட்டாளர் குறைகளைத் தன் செலவில் சரிசெய்ய வேண்டிய காலம்) முடிந்த நாளிலிருந்து, சான்றிதழுக்கு முன்பே ஒப்பந்தம் முறிந்திருந்தால் முறிந்த நாளிலிருந்து. குறைபாட்டுப் பொறுப்புக் காலம் சாவி வாங்கியதிலிருந்து 24 மாதம் என்பதால், கிட்டத்தட்ட 3 ஆண்டு கையில் இருக்கும். இங்கேயும் நீதிமன்ற வழக்கை விட்டால்தான் உள்ளே. தாமத இழப்பீடு ஆண்டுக்கு 10 விழுக்காடு, நாள் கணக்கில். 600,000 ரிங்கிட் வீட்டுக்கு ஒரு நாள் தாமதம் சுமார் 164 ரிங்கிட். 305 நாளில் 50,000 ரிங்கிட்டைத் தாண்டிவிடும். ஓராண்டுக்கு மேல் தாமதமான விலையுயர்ந்த வீட்டுக்காரர் நீதிமன்றத்தை விட்டு வந்தால் மிச்சத்தை மேம்பாட்டாளருக்குப் பரிசாகக் கொடுத்தது போலத்தான்.

ஸ்ட்ராத்தா (அடுக்குமாடி) நிர்வாக நடுவர் மன்றம் வேறு. 2013ஆம் ஆண்டு ஸ்ட்ராத்தா நிர்வாகச் சட்டம், வரம்பு 250,000 ரிங்கிட். பராமரிப்புக் கட்டணம், கூட்டு நிர்வாகக் குழு, பொதுச் சொத்தின் குறை, பொதுக்கூட்டம் போன்ற தகராறுகள். ஆயர் ஈத்தாம் கசிவு போன்றவற்றுக்கு இங்கே ஒரு பெரிய வசதி இருக்கிறது: 2015ஆம் ஆண்டு ஒழுங்குமுறைப்படி, உங்கள் கூரையில் கசிவு இருந்தால், மறுத்து நிரூபிக்கும் வரை அது மேல்வீட்டிலிருந்து வருவதாகவே கொள்ளப்படும். நிர்வாகத்துக்கு எழுத்தில் புகார் கொடுத்தால் 7 நாளுக்குள் வந்து பார்த்து, 28ஆம் எண் போராங்கில் காரணத்தைச் சான்றளிக்க வேண்டும். அந்தச் சான்றிதழ் இல்லாமல் எந்த மன்றத்துக்குப் போனாலும் ஒருவர் மேல் ஒருவர் பழி போடுவதில்தான் முடியும். அதை முதலில் வாங்குங்கள், பிறகு வழக்கை மீட்பது பற்றி யோசிக்கலாம். பல நேரம் சான்றிதழ் கைக்கு வந்ததும் மேல்வீட்டுக்காரர் குழாய்க்காரரைக் கூப்பிட்டுவிடுகிறார்.

இந்த மன்றத்தின் உத்தரவை மீறினால் 250,000 ரிங்கிட் வரை அபராதம் அல்லது 3 ஆண்டு வரை சிறை. மீட்டுக்கொண்டு வருவதற்கு மூன்று நடுவர் மன்றங்களில் மிக அதிகப் பயன் தருவது இதுதான் என்பது எங்கள் கணிப்பு.

## வழி 4: வேலை நீக்கம்

இந்தப் பகுதியை மெதுவாகப் படியுங்கள். இங்கே நேரும் தவறு திருத்த முடியாதது.

நியாயமான காரணமின்றி வேலை போனது என்றால், 1967ஆம் ஆண்டு தொழில் உறவுச் சட்டத்தின் 20ஆம் பிரிவின்படி தொழில் உறவுத் துறையில் மனுக்கொடுக்க வேண்டும். கெடு 60 நாள். வேலை நாள் கணக்கில்லை, நாட்காட்டி நாள். கெடு கடந்தால் துறை மனுவை ஏற்காது. உடம்பு சரியில்லை, வழக்கறிஞர் தவறாகச் சொன்னார், நீதிமன்றத்தில் வழக்கு இருந்தது என்று எதைச் சொன்னாலும் நாள் திரும்பாது.

கெடுவுக்குள் கொடுத்தால் முதலில் சமரசப் பேச்சு. அது முறிந்தால் விஷயம் தொழிலியல் நீதிமன்றத்துக்குப் போகும். 2021 ஜனவரி 1 முதல் அமைச்சர் அனுமதிக்காகக் காத்திருக்க வேண்டியதில்லை, தலைமை இயக்குநரே நேராக அனுப்புகிறார். அங்கே மறுபடி வேலையில் சேர்க்கச் சொல்லலாம். நிலுவைச் சம்பளம் 24 மாதம் வரை, தகுதிகாண் நிலையில் இருந்தவருக்கு 12 மாதம் வரை. இடையில் வேறு வேலையில் சம்பாதித்திருந்தால் ஒரு பங்கு கழிக்கப்படும். சாதாரண நீதிமன்றத்தில் வேலை திரும்பக் கிடைக்காது. பெரும்பாலும் ஒப்பந்தத்திலுள்ள முன்னறிவிப்புக் காலச் சம்பளத்தோடு நிற்கும். 15 ஆண்டு உழைத்தவருக்கு இந்த வேறுபாடு மலைக்கும் மடுவுக்கும் உள்ளது.

ஆகவே பட்டர்வொர்த் மேற்பார்வையாளர் வேலை போன 40ஆம் நாளில் இதைப் படித்தால், இன்றைக்கே தொழில் உறவுத் துறைக்குப் போக வேண்டும். நீதிமன்ற வழக்கை மீட்பது அடுத்த நாள் வேலை. 60ஆம் நாளைத் தாண்டிவிட்டார் என்றால் வழக்கை மீட்காதீர்கள். இருக்கிற ஒரே கதவு அதுதான். யாராவது "தொழிலியல் நீதிமன்றத்துக்குப் போகலாம், வழக்கை எடுத்துடுங்க" என்று சொன்னால், வேலை நீக்கக் கடிதத்தின் தேதியை அவர் முன் வைத்துக் கேளுங்கள்.

வேலை நீக்கம் இல்லாமல் வெறும் சம்பள பாக்கி, மிகைநேரம், விடுமுறைச் சம்பளம் என்றால் தொழிலாளர் நீதிமன்றம் இருக்கிறது. அது தொழிலாளர் துறைக்குள் இயங்குவது, கட்டணம் கேட்காது. 2023 ஜனவரி 1 முதல் வேலைச் சட்டம் சம்பள வரம்பின்றி எல்லாத் தொழிலாளர்களுக்கும் பொருந்தும். மிகைநேரம் போன்ற சில உரிமைகள் மட்டும் 4,000 ரிங்கிட்டுக்கு மேல் வாங்குவோருக்குப் பொருந்தாது. ஈபிஎஃப் கட்டாத முதலாளி மீது இங்கே வராதீர்கள், அதற்கு ஈபிஎஃப் அலுவலகம்.

## வழி 5: வங்கி, காப்புறுதி, கட்டுமானப் பணம்

வங்கி, காப்புறுதி, தக்காஃபுல் தகராறுக்கு நிதிச் சந்தை ஓம்பட்ஸ்மன் சேவை 2025 ஜனவரி 1 முதல் இயங்குகிறது. பயனீட்டாளருக்கு இலவசம், பொது வரம்பு 250,000 ரிங்கிட். நிறுவனத்தின் இறுதிப் பதில் வந்த 6 மாதத்துக்குள் போக வேண்டும், நீதிமன்றத்தில் இருக்கும் விஷயத்தை அது எடுக்காது. முடிவை நீங்கள் ஏற்றால் நிறுவனம் கட்டுப்படும். ஏற்காவிட்டால் நீதிமன்ற உரிமை உங்களிடம் இருக்கும். இந்த ஒருதலை வசதி வேறெங்கும் கிடைக்காது. ஆனால் வழக்குப் போட்டுவிட்டவருக்கு 6 மாதம் பெரும்பாலும் போயிருக்கும்.

துணைக் குத்தகைக்காரர்கள் கவனிக்க: கட்டுமானத் துறையில் "சிப்பா" என்று சொல்லும் 2012ஆம் ஆண்டுச் சட்டம் வேலைப் பணத் தகராறைத் தீர்ப்பாளரிடம் கொண்டுபோக வழி தருகிறது. அதன் 37ஆம் பிரிவு, நீதிமன்ற வழக்கும் நடுவர் தீர்ப்பும் (ஆர்பிட்ரேஷன்) நடக்கும்போதே தீர்ப்பாளரிடமும் போகலாம் என்கிறது. வழக்கை மீட்கவே வேண்டாம். ஒப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டும். ஆவணங்கள் முடிந்து 45 வேலை நாளில் முடிவு. சொந்தமாகக் குடியிருக்க நான்கு மாடிக்குக் குறைவாகக் கட்டும் தனிமனிதர் மீது இது செல்லாது. இதைத் தெரியாமல் வழக்கை மீட்ட சிறு குத்தகைக்காரர் தேவையில்லாமல் ஒரு ஆயுதத்தைக் கீழே போட்டவர்.

ஒப்பந்தத்தில் நடுவர் தீர்ப்புப் பிரிவு இருந்தும் வழக்குப் போட்டிருந்தால், எதிராளி 2005ஆம் ஆண்டு நடுவர் தீர்ப்புச் சட்டத்தின் 10ஆம் பிரிவில் வழக்கை நிறுத்திவைக்கக் கேட்பார். நிறுத்திவைக்க விடலாம், மீட்க அவசரம் வேண்டாம். ஆனால் நீதிமன்ற வழக்கு, நடுவர் தீர்ப்பின் கடிகாரத்தை நிறுத்தாது. நடுவர் கோரிக்கைக் கடிதம் எதிராளி கைக்குச் சேர்ந்த நாளே கணக்கு. அந்தக் கடிதத்தை உடனே அனுப்புங்கள்.

## ஒரே பார்வையில்

| மன்றம் | தொகை வரம்பு (ரிங்கிட்) | கெடு அல்லது நிபந்தனை | வழக்கை முதலில் விட வேண்டுமா? |
|---|---|---|---|
| நீதிமன்ற மத்தியஸ்தம் | இல்லை | வழக்கு நிலுவையில் இருக்க வேண்டும் | வேண்டாம் |
| பயனீட்டாளர் நடுவர் மன்றம் | 50,000 | 3 ஆண்டு | ஆம் |
| வீடு வாங்குவோர் நடுவர் மன்றம் | 50,000 | 12 மாதம் | ஆம் |
| ஸ்ட்ராத்தா நடுவர் மன்றம் | 250,000 | அடுக்குமாடி நிர்வாகத் தகராறு | ஆம் |
| தொழிலியல் நீதிமன்றம் | நிலுவைச் சம்பளம் 24 மாதம் வரை | 60 நாள் | கெடுவுக்குள் மனுக்கொடுத்த பிறகே விடுங்கள் |
| நிதி ஓம்பட்ஸ்மன் | 250,000 | 6 மாதம் | ஆம் |
| சிப்பா தீர்ப்பாளர் | இல்லை | எழுத்து ஒப்பந்தம் | வேண்டாம் |

## கண்ணுக்குத் தெரியாத செலவுகள்

மீட்டால் எதிராளி அதுவரை செய்த செலவைக் கேட்கலாம். எதிர்வாதம் மட்டும் போட்டிருந்தால் தொகை சிறியது. விண்ணப்பங்கள், சாட்சி வாக்குமூலங்கள் வரை போயிருந்தால் நடுவர் மன்றத்தில் மிச்சம் பிடிப்பதைவிட அதிகமாகலாம். அந்தச் செலவைக் கட்டாமல் அதே விஷயத்தில் மறுபடி வழக்குப் போட்டால், கட்டும் வரை அதை நிறுத்திவைக்க நீதிமன்றத்துக்கு அதிகாரம் உண்டு.

எதிர்க்கோரிக்கை இருக்கிறதா பாருங்கள். நீங்கள் மீட்டாலும் அது சாகாது. எதிராளி அதைத் தனியாகத் தொடரலாம். செந்தூல் குடும்பத்தின் மீது குத்தகைக்காரர் "மிச்சப் பணம் 9,000" என்று எதிர்க்கோரிக்கை போட்டிருந்தால், இவர்கள் நடுவர் மன்றத்துக்குப் போன பிறகும் மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தில் பிரதிவாதியாக நிற்க வேண்டிவரும். இரண்டு இடத்தில் இரண்டு முரண்பட்ட தீர்ப்பு வரும் ஆபத்து இது. எதிர்க்கோரிக்கையும் சேர்ந்து மீட்கப்படும் என்ற எழுத்து ஒப்புதல் கிடைக்காவிட்டால் வெளியே வராதீர்கள்.

இடைக்காலத் தடையுத்தரவு வாங்கியிருந்தால் வழக்கோடு அதுவும் போகும். அதை வாங்கும்போது "தவறென்றால் இழப்பீடு தருகிறேன்" என்று கொடுத்த உறுதிமொழி மட்டும் பின்தொடரும். விற்பனையைத் தடுக்கவோ சொத்தைக் காக்கவோ தடை தேவைப்படும் விஷயத்தில் நடுவர் மன்றத்தை நினைக்கவே வேண்டாம்.

## அரசாங்க முடிவை எதிர்த்திருந்தால்

உரிமம் மறுப்பு, நகராண்மை உத்தரவு போன்றவற்றுக்கு 53ஆம் கட்டளையில் சீராய்வு மனுப் போட்டிருப்பீர்கள். அதை மீட்டுக்கொண்டு துறைக்குள் மேல்முறையீடு செய்யச் சொல்லி எதிர்த்தரப்பே யோசனை சொல்லும். சீராய்வின் கெடு 3 மாதம். உள்முறையீடு இழுத்து முடியும்போது அது கடந்திருக்கும்; காலநீட்டிப்பு கேட்கலாம், கிடைக்கும் என்று உறுதியில்லை. மீட்பதற்குப் பதில், உள்முறையீடு முடியும் வரை மனுவைத் தள்ளிவைக்கக் கேளுங்கள்.

## மாறுவதென்று முடிவானால்

புதிய மன்றத்தின் போராங்கை முழுதாக நிரப்பித் தயாராக வைத்துக்கொண்ட பிறகே மீட்பு அறிவிப்பைத் தாக்கல் செய்யுங்கள். கெடு நெருங்கியிருந்தால் காலையில் இ-ஃபைலிங்கில் மீட்பு அறிவிப்பு, பிற்பகலில் நடுவர் மன்றக் கோரிக்கை என ஒரே நாளில் முடிக்க வேண்டும். வரிசை மாறினால் 104ஆம் பிரிவு ஆட்சேபம் வரும். அனுமதி உத்தரவு வழியாக மீட்கிறீர்கள் என்றால், வாய்மொழி உத்தரவை நம்பிப் போகாமல் முத்திரையிட்ட பிரதி வரக் காத்திருங்கள்.

உங்கள் கோப்பை வழக்கறிஞரிடமிருந்து கேட்டு வாங்குங்கள்: மனு, எதிர்வாதம், இணைப்புகள், ரசீதுகள், படங்கள். நீதிமன்றத்தில் எதிராளி எழுத்தில் ஒப்புக்கொண்ட ஒவ்வொரு வரியையும் அடிக்கோடிடுங்கள். "15,000 ரிங்கிட் பெற்றுக்கொண்டது உண்மை" என்று அவர் எதிர்வாதத்தில் எழுதியிருந்தால், நடுவர் மன்றத்தில் அதை மறுப்பது அவருக்குக் கடினம்.

வழக்கறிஞர் கட்டணம் தடையென்றால் மீட்பதற்கு முன் கோலாலம்பூரிலோ ஜார்ஜ்டவுனிலோ உள்ள வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையத்தையோ, அரசாங்கத்தின் சட்ட உதவித் துறையையோ ஒருமுறை பாருங்கள். பினாங்கில் பயனீட்டாளர் சங்கமும் புகார்களைக் கேட்டு வழிகாட்டுகிறது. நடுவர் மன்றத்தில் நீங்களே பேச வேண்டும், மலாயில். மலாய் தடுமாறும் என்றால் கோரிக்கை தாக்கல் செய்யும் அன்றைக்கே தமிழ் மொழிபெயர்ப்பாளர் வேண்டும் என்று முகப்பில் எழுதிக் கொடுங்கள்; விசாரணை நாளில் கேட்டால் பெரும்பாலும் தேதி தள்ளிப்போகும்.